மக்கள் காசும் மாற்றுத் திரைப்படமும்: ஜான் ஆபிரகாமின் படைப்பு வாழ்வு

முன்னுரை

புனே நகரிலிருந்து மும்பை செல்லும் இருப்புப் பாதையில் ஏறத்தாழ 35 கி.மீ. தொலைவில் அமைந்துள்ள ஊர் தளேகாவ் தாபாடே. சுதேசி இயக்கம் வலுப்பெற்றிருந்த 1908ஆம் ஆண்டில் இவ்வூரில் ஒரு கண்ணாடித் தொழிற்சாலை நிறுவப்பெற்றது. அதற்கான முதலீடு பெருஞ்செல்வர்களிடமிருந்து வந்ததன்று. அந்தாஜி தாமோதர் காளே என்பார் ஆளுக்கு ஒரு பைசா எனப் பொதுமக்களிடம் திரட்டிய 'பைசா நிதி'யே அதன் முதல். திலகர் இம்முயற்சிக்குத் துணை நின்றார். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் தொழில் பயின்று வந்த ஈசுவர்தாசு வார்ஷ்ணே தொடக்கத்தில் அதனை நடத்தினார். அங்குப் பயிற்சி பெற்றோர் நாட்டின் பிற பகுதிகளுக்கும் கண்ணாடித் தொழிலை எடுத்துச் சென்றனர்.

இதற்கு ஈராண்டுகள் முன்னர்த் தூத்துக்குடியில் வ.உ.சிதம்பரனார் தொடங்கிய சுதேசிக் கப்பல் நிறுவனமும் மக்கள் பணத்தில் எழுந்ததே. எனினும் அதன் பங்கு ஒன்றின் விலை 25 ரூபாய். நாற்பதாயிரம் பங்குகள் வழியாகப் பத்து லட்சம் ரூபாய் திரட்டுவது திட்டம். அந்நாளில் இருபத்தைந்து ரூபாய் என்பது கூலி உழைப்பாளி ஒருவரால் எண்ணிப் பார்க்க இயலாத தொகை. பைசா நிதியோ மிக எளியவரையும் கொடையாளராக்கியது. பங்குதாரர் ஆதாயத்தை எதிர்நோக்குவார்; பைசா ஈந்தவர் எதிர்நோக்கியது, தம் காசில் ஒரு தொழில் எழுவதைக் காண்பது மட்டுமே.

இம்முறையில் ஒரு திரைப்படம் உருவாகக்கூடுமா என்ற வினாவிற்கு 1984ஆம் ஆண்டில் கோழிக்கோட்டில் விடை தேடியவர் ஜான் ஆபிரகாம். புனே திரைப்படக் கழகத்தில் பயின்றவர். மலையாளத்தில் மூன்று முழுநீளப் படங்களும் தமிழில் ஒன்றும் இயக்கியவர். தளேகாவ் முயற்சிக்கும் ஜானின் முயற்சிக்கும் நேரடித் தொடர்பு காட்டுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. பொருள் திரட்டும் முறை, திரட்டப்பெற்ற பொருளால் உருவாகும் படைப்பின் வடிவத்தையும் தீர்மானிக்கிறது என்பதை அவர் படைப்பு வாழ்வைக் கொண்டு விளக்குவதே நோக்கமாகும்.

புனேயில் பெற்ற பயிற்சி

1937 ஆகஸ்டு 11ஆம் நாள் பிறந்த ஜான், குட்டநாட்டின் வயல்களுக்கும் காயல்களுக்கும் இடையே வளர்ந்தவர். பட்டப்படிப்பிற்குப் பின் ஆயுள் காப்பீட்டுக் கழகத்தில் பணியாற்றி, அப்பணியைத் துறந்து புனே சென்றார். அங்கு இருந்த திரைப்படக் கழகம் 1960இல் நடுவண் அரசால் தொடங்கப்பெற்றது. அதன் வளாகம் பழைய பிரபாத் படப்பிடிப்பு நிலையமாகும். பிரபாத் நிறுவனம் தன் கூட்டாளிகளின் கைத்தொழில் திறத்தால் வளர்ந்தது. வெனிசு நகரத் திரைப்பட விழாவில் பாராட்டுப் பெற்ற 'சந்த் துகாராம்' (1936) அங்கு உருவானதே. துகாராமின் ஊராகிய தேஹு, தளேகாவுக்கு அண்மையில் இந்திராயணி ஆற்றங்கரையில் உள்ளது. ஆண்டுதோறும் அங்கிருந்து பண்டரிபுரம் நோக்கிப் புறப்படும் நடைப்பயணக் கூட்டம் வழியெங்கும் ஆள் சேர்த்துக்கொண்டே செல்வது. ஜானின் இறுதிப் படத்தைக் கண்டவர்க்கு அக்காட்சி நினைவிற்கு வருதல் இயல்பு.

அக்கழகத்தில் ஜானுக்கு வாய்த்த பெரும்பேறு ரித்விக் கட்டக்கிடம் பயின்றமை. வங்கத்து மக்கள் நாடக இயக்கத்தில் தோய்ந்து, தேசப் பிரிவினையின் துயரத்தைத் திரையில் வடித்த கட்டக், சோவியத்து இயக்குநர் செர்கே ஐசன்ஸ்டைனிடம் பெருமதிப்புக் கொண்டவர். இரு காட்சித் துண்டுகளை மோதவிட்டு மூன்றாவதொரு பொருளைத் தோற்றுவித்தல் என்னும் ஐசன்ஸ்டைனின் படத்தொகுப்புக் கொள்கையும், தாய் என்னும் தொன்மப் படிமத்தைச் சமகால வரலாற்றின் நடுவில் நிறுத்தும் கட்டக்கின் சொந்த நெறியும் ஒருங்கே மாணவரைச் சென்றடைந்தன. இவ்விரண்டனுள் இரண்டாவதே ஜானிடம் ஆழமாக வேரூன்றியது எனலாம்.

திரைக்கதையிலும் இயக்கத்திலும் தங்கப் பதக்கம் பெற்று வெளிவந்த ஜான், மணி கௌல் இயக்கிய 'உஸ்கி ரோட்டி' (1969) படத்தில் உதவியாளராகப் பணிபுரிந்தார். 'கொய்னா நகர்' (1967), 'பிரியா' (1969) முதலிய குறும்படங்களும் அக்காலத்தன. மணி கௌலின் இறுக்கமும் மௌனமும் ஜானுக்கு ஒத்துவரவில்லை என்பதை அவர்தம் படங்களே காட்டுகின்றன. பேச்சும் நகைப்பும் கூச்சலும் நிரம்பியது ஜானின் உலகம்.

முதற்படமான 'வித்யார்த்திகளே இதிலே இதிலே' (1972) வணிகப் படச் சட்டகத்துள் அமைந்தது. மது, ஜெயபாரதி முதலியோர் நடித்தது. பள்ளியில் உடைபட்ட சிலை ஒன்றிற்கு ஈடுகட்ட மாணவர்கள் பணம் திரட்டப் படும் பாடே கதை. படம் பெரிதும் பேசப்படவில்லை. எனினும் சிறியவர்கள் கூடிக் காசு சேர்க்கும் காட்சி, பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து இயக்குநரின் வாழ்விலேயே நிகழவிருந்தது.

அக்கிரகாரத்தில் கழுதை

தமிழாய்வாளர்க்கு ஜான் முதன்மையாகின்றமை 'அக்கிரகாரத்தில் கழுதை' (1977) என்னும் படத்தால் ஆகும். இதன் திரைக்கதையை எழுதியவர், 'எழுத்து' இதழ் வழியாக அறிமுகமான திறனாய்வாளர் வெங்கட் சாமிநாதன். தமிழரின் காட்சிக் கலையுணர்வு குறித்துக் கடுமையான மதிப்பீடுகளை முன்வைத்து வந்த ஒருவர், அம்மதிப்பீட்டிற்கு மாற்றாகத் தாமே ஒரு திரைக்கதையை எழுத முன்வந்தது தமிழ்த் திறனாய்வு வரலாற்றில் அரிய நிகழ்வு. அத்திரைக்கதை பின்னர் நூல் வடிவும் பெற்றது.

கல்லூரிப் பேராசிரியர் நாராயணசாமி தாயை இழந்த கழுதைக்குட்டி ஒன்றிற்கு அடைக்கலம் தருகிறார். கல்லூரியில் எழுந்த ஏளனம் தாளாமல் அதனைத் தம் சொந்த ஊரின் அக்கிரகாரத்தில் பெற்றோரிடம் விட்டு, வாய்பேசாப் பெண்ணான உமாவைப் பார்த்துக்கொள்ளச் சொல்கிறார். ஊரில் நேரும் கேடுகள் யாவும் கழுதையின்மேல் ஏற்றப்படுகின்றன. உமாவிற்குப் பிறந்த உயிரற்ற குழந்தை கோயில் வாயிலில் கிடக்கும் பழியும் அதன்மேலேயே விழுகிறது. கழுதை கொல்லப்படுகிறது. கொன்றபின் ஊரில் நல்லன நிகழ்வதாகத் தோன்றவே, கொன்றவர்களே அதற்குக் கோயில் எழுப்ப முனைகின்றனர். முடிவில் நெருப்பு அக்கிரகாரத்தைச் சூழ்கிறது.

பிரெஞ்சு இயக்குநர் ராபர்ட் பிரெசோன், பல்தசார் என்னும் கழுதையை நடுவாக வைத்து 1966இல் இயக்கிய படம் இதற்குத் தூண்டுகோல் என்பர். ஒப்புமை உண்டு, ஆனால் அது விலங்கோடு நின்றுவிடுகிறது. பிரெசோனின் கழுதை மனிதரின் கொடுமையை வாய் திறவாது சுமந்து புனிதமடைவது. ஜானின் கழுதைக்குப் புனிதத்தை வழங்குவோர் அதைக் கொன்றவர்கள். பழியேற்றிக் கொன்று, கொன்றதைத் தெய்வமாக்கும் இவ்வழக்கம் தமிழ் மண்ணுக்குப் புதியதன்று. கொலையுண்டோர் சிறுதெய்வங்களாக வழிபடப்படும் மரபை நாட்டார் வழக்காற்றியல் விரிவாகப் பதிவு செய்துள்ளது. அம்மரபை அக்கிரகாரத்திற்குள் இடம்பெயர்த்து வைத்ததே படத்தின் கூர்மை. பிராமண எதிர்ப்புப் படம் என்று இதனைச் சுருக்கிவிடுவோர் இக்கூறினைக் கவனிக்கத் தவறுகின்றனர்.

பேராசிரியராக நடித்தவர் இசையமைப்பாளர் எம்.பி.சீனிவாசன். இத்தேர்வு ஒரு பழைய இழையையும் சேர்த்துக் கொணர்ந்தது. இடதுசாரிக் கலைஞர்கள் கூடி உருவாக்க, நிமாய் கோஷ் இயக்கிய 'பாதை தெரியுது பார்' (1960) படத்தின் இசையமைப்பாளர் அவரே. அதில் பாடல் எழுதியவருள் ஒருவரான ஜெயகாந்தன், 1965இல் 'உன்னைப்போல் ஒருவன்' படத்தைத் தாமே இயக்கித் தேசிய விருது பெற்றார். தமிழில் மாற்றுத் திரைப்படம் என்பது மலையாளத்திலிருந்து வந்த ஒருவர் தொடங்கிவைத்ததன்று. முன்னரே இருமுறை தொடங்கி இருமுறையும் தொடர்ச்சியின்றி நின்றுபோனது. ஜானின் படம் மூன்றாவது தொடக்கம்.

1977ஆம் ஆண்டிற்குரிய சிறந்த தமிழ்ப்படத்திற்கான தேசிய விருது இதற்குக் கிடைத்தது. ஆயினும் திரையரங்குகள் கிடைக்கவில்லை. தமிழிதழ்கள் பெரும்பாலும் வாய்மூடியிருந்தன. தொலைக்காட்சியில் ஒளிபரப்ப மேற்கொண்ட முயற்சியும் எதிர்ப்பினால் கைவிடப்பட்டது. விருதின் சான்றிதழைத் தமிழர் அறிவர். படத்தைக் கண்ட தமிழர் மிகச் சிலர். 2013இல் இந்தியத் திரைப்பட நூற்றாண்டையொட்டி வெளியான நூறு சிறந்த படங்களின் பட்டியல் ஒன்றில் இது இடம்பெற்றபோதும் இந்நிலை பெரிதாக மாறிவிடவில்லை.

இத்தோல்வியின் தன்மையைக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். படம் எடுப்பதில் எவரும் ஜானைத் தடுக்கவில்லை. சிறு முதலீட்டில், விரும்பிய கதையை, விரும்பிய நடிகரைக் கொண்டு அவரால் எடுக்க முடிந்தது. எடுத்த படத்திற்குப் பார்வையாளரிடம் செல்லும் வழிதான் இல்லை. ஆக்கத்தில் கிட்டிய விடுதலை வழங்கலில் பறிபோயிற்று.

'செரியாச்சன்றெ குரூர கிருத்தியங்ஙள்' (1979) இதனை அடுத்து வந்தது. குட்டநாட்டு நிலவுடைமையாளர் ஒருவர், உழவர்மீது நிகழும் காவல்துறை வன்முறையைக் கண்டு, தம் வர்க்கத்தின் குற்றத்தைத் தம் குற்றமாகவே உணர்ந்து அச்சத்தில் சிதைவதைக் காட்டுவது. நகைச்சுவை நடிகராகவே அறியப்பெற்ற அடூர் பாசிக்குக் கேரள அரசின் சிறந்த நடிகர் விருதை ஈட்டித் தந்தது. சிரிப்பும் அச்சமும் ஒரே முகத்தில் தோன்றக் காட்டும் ஜானின் திறம் இப்படத்தில் உச்சம் பெற்றது எனலாம்.

சுயாதீனம் என்னும் சொல்

இந்தியாவில் சுயாதீன இயக்குநர் எனப்பட்டவர் பலர் உண்மையில் அரசைச் சார்ந்தே இயங்கினர். 1960இல் தோன்றிய திரைப்பட நிதிக் கழகத்தின் கடனில்தான் மிருணாள் சென்னின் 'புவன் ஷோம்' (1969), 'உஸ்கி ரோட்டி' ஆகியன எழுந்தன. வணிகரிடமிருந்து விடுதலை தேடியோர்க்கு அரசு புகலிடமாயிற்று.

சோவியத்து நாட்டில் நிலைமை தலைகீழ். அங்குப் பொருளும் கருவியும் அரசுடையன. விடுதலை தேடுவது அரசிடமிருந்தே. அலெக்சாந்தர் சொகூரவ் 1978இல் முடித்த 'மனிதனின் தனிமைக் குரல்' என்னும் படம் 1987 வரை வெளிவரவில்லை. ஒடேசா நகரப் படப்பிடிப்பு நிலையத்தில் கீரா முராத்தவா 1971இல் முடித்த 'நீண்ட விடைபெறல்கள்' படத்திற்கும் அதே 1987 வரை காத்திருப்பே விதிக்கப்பட்டது. நம் நாட்டில் பூட்டிய கதவு திரையரங்கினுடையது. அவர்கள் நாட்டில் அலுவலகத்தினுடையது. பெட்டிக்குள் கிடக்கும் படச்சுருளைப் பொறுத்தவரை வேறுபாடு சிறிதே.

ஜானும் நண்பர்களும் தம் அமைப்பிற்கு 'ஒடேசா' எனப் பெயரிட்டது முராத்தவாவை எண்ணியன்று. ஐசன்ஸ்டைனின் 'பொட்டெம்கின் போர்க்கப்பல்' (1925) படத்தில் படைவீரர் மக்களைச் சுட்டவாறு இறங்கிவரும் ஒடேசாப் படிக்கட்டுக் காட்சியே அப்பெயருக்கு அடிப்படை. 1905ஆம் ஆண்டுப் புரட்சியின் இருபதாம் நினைவையொட்டி அரசே எடுப்பித்த படம் அது. அரசுப் பணமும் வேண்டா, வணிகர் பணமும் வேண்டா என்று கூடியவர்கள் அரசுப் படமொன்றிலிருந்து பெயர் பெற்றதும், அப்பெயருக்குரிய நகரிலேயே அவ்வேளையில் ஓர் இயக்குநரின் படம் முடங்கிக் கிடந்ததும் வரலாற்றின் முரண்கள். செயல்முறையால் ஒடேசாவிற்கு நெருங்கிய சோவியத்து முன்னோடி அலெக்சாந்தர் மெத்வேத்கின் ஆவார். அவர் 1932இல் தொடர்வண்டி ஒன்றையே படப்பிடிப்பு நிலையமாக்கி, தொழிலாளர் வாழ்விடங்களுக்குச் சென்று படமெடுத்து, வண்டியிலேயே தொகுத்து, எடுக்கப்பட்டவர்களுக்கே உடனுக்குடன் திரையிட்டுக் காட்டினார்.

ஒடேசா இயக்கமும் 'அம்மா அறியான்' படமும்

ஒடேசா அமைப்பினர் கேரளத்துச் சிற்றூர்கள்தோறும் சென்று சாப்ளினின் 'தி கிட்' முதலிய படங்களைத் திரையிட்டனர். கூடிய மக்களிடம் தங்கள் திட்டத்தை எடுத்துரைத்து, இயன்றதைத் தருமாறு கேட்டனர். அவ்வாறு சேர்ந்த சிறு தொகைகளைக் கொண்டு 'அம்மா அறியான்' (1986) எடுக்கப்பெற்றது. முடிந்த படம் அதே ஊர்களுக்கு எடுத்துச் செல்லப்பட்டுக் கட்டணமின்றிக் காட்டப்பெற்றது.

மக்கள் பணத்தில் எழுந்த படம் இதற்கு முன்னரும் உண்டு. சியாம் பெனகலின் 'மந்தன்' (1976) குஜராத்துப் பால் உற்பத்தியாளர் ஐந்து லட்சம் பேர் ஆளுக்கு இரண்டு ரூபாய் தந்து உருவாக்கியது. அங்குப் பின்புலமாக நின்றது ஒரு வலிய கூட்டுறவு அமைப்பு. படமும் அக்கூட்டுறவின் கதையே. ஒடேசாவிற்கு அத்தகைய பின்புலம் இல்லை. காசு கொடுத்தவர் ஒரு தொழிலால் பிணைக்கப்பட்டவரல்லர். ஒரு மாலைப்பொழுது திரைமுன் கூடியவர். மந்தனைவிடத் தளேகாவின் பைசா நிதிக்கே இது நெருக்கமானது.

இங்குத்தான் 'கழுதை' கற்பித்த பாடம் செயற்பட்டது. வழக்கமாகப் படம் முதலில் பிறக்கிறது. பார்வையாளர் பின்னர்த் தேடப்படுகின்றனர். ஜான் இவ்வரிசையை மாற்றினார். முதலில் திரையிடல், அதன்வழிப் பார்வையாளர், அவர்தம் காசு, இறுதியில் படம். நன்கொடை என்பது இங்கு நிதி மட்டுமன்று. பணம் தந்த ஒவ்வொரு ஊரும் படத்தைப் பார்க்கும் உரிமையையும் முன்கூட்டியே பெற்றுவிட்டது. திரையரங்கு உரிமையாளர் என்னும் இடையாள் தேவையற்றுப் போனார்.

படத்தின் கதையமைப்பு இம்முறையோடு ஒட்டியே செல்கிறது. தில்லிக்குப் புறப்படும் புருஷன் என்னும் இளைஞன், வழியில் வயநாட்டில் தூக்கில் தொங்கிய உடலொன்றைக் காண்கிறான். அது தபலா வாசிப்பாளனான ஹரியின் உடல் எனத் தெரியவருகிறது. பயணத்தைக் கைவிட்டுக் கொச்சியிலுள்ள ஹரியின் தாயிடம் செய்தி சொல்லத் தெற்கு நோக்கிச் செல்கிறான். வழியில் ஒவ்வோர் ஊரிலும் ஹரியை அறிந்தவர் ஒருவர் சேர்ந்துகொள்கிறார். அவர்தம் வீட்டில் ஒரு தாய் வழியனுப்புகிறார். சிறு குழு பெருங்கூட்டமாகிறது. ஊர் ஊராகச் சென்று ஆள் சேர்க்கும் இக்கதையும், ஊர் ஊராகச் சென்று காசு சேர்த்த அமைப்பின் வரலாறும் ஒன்றன் நிழலாக மற்றொன்று நிற்கின்றன. வேறு வகையில் பொருள் பெற்றிருந்தால் இப்படம் இவ்வடிவில் பிறந்திராது.

புருஷன் தன் தாய்க்கு எழுதும் மடலாகப் படம் அமைகிறது. கட்டக்கிடம் கற்ற தாய்ப் படிமம் இங்குப் பன்மையாகிறது. ஒரு தாயல்லர், பல தாயர், ஒவ்வொருவருக்கும் தனி முகம். நெருக்கடி நிலைக்குப் பிந்தைய கேரளத்து இடதுசாரி இளைஞரின் தோல்வியும் குற்றவுணர்வும், மட்டாஞ்சேரித் துறைமுகத் தொழிலாளர் போராட்டம், மருத்துவ மாணவர் கிளர்ச்சி முதலிய மெய்ந்நிகழ்வுகளும் கதையினூடே ஆவணப்படச் சாயலில் கோக்கப்பட்டுள்ளன. புருஷனாக ஜாய் மேத்யூ நடித்தார். வேணுவின் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவும் பீனா பாலின் தொகுப்பும் கற்பனைக்கும் ஆவணத்திற்கும் இடையிலான தையலை மறைக்க முயலவில்லை. அதுவே படத்தின் நேர்மை.

குறைகளும் உண்டு. பெண்கள் பெரும்பாலும் தாயராகவே வருகின்றனர். பயணத்தில் சேர்பவர் ஆண்கள். வழியனுப்புவோர் ஏன் உடன்வரலாகாது என்னும் வினாவைப் படம் எழுப்பிக்கொள்வதில்லை. இடைப்பகுதியில் போராட்ட நிகழ்வுகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்படும்போது ஹரியின் மரணம் சற்றே மறைந்துபோகிறது. ஊர்தோறும் காசு கொடுத்தவர்க்கு ஊர்தோறும் ஒரு நிகழ்வு காட்டவேண்டிய கடப்பாடு இருந்ததோ என எண்ணத் தோன்றுகிறது. பொருள் திரட்டிய முறை வடிவத்தை வளப்படுத்தியவாறே அதற்குச் சுமையும் ஆயிற்று.

34ஆம் தேசியத் திரைப்பட விருதுகளில் இயக்கத்திற்கான நடுவர் சிறப்பு விருது ஜானுக்கும், ஒளிப்பதிவு விருது வேணுவிற்கும் கிடைத்தன. பிரித்தானியத் திரைப்பட நிறுவனம் வெளியிட்ட இந்தியப் படங்கள் பத்தின் பட்டியலில் இடம்பெற்ற ஒரே தென்னிந்தியப் படம் இதுவே.

மறைவும் பின்விளைவும்

1987 மே மாத இறுதியில் கோழிக்கோட்டில் கட்டடமொன்றின் மேலிருந்து தவறி விழுந்த ஜான், மே 31ஆம் நாள் உயிர் நீத்தார். அப்போது அவருக்கு அகவை 49. நாடோடி வாழ்வு, குடி, நண்பர் கூட்டம் பற்றிய கதைகள் அவர் மறைவுக்குப் பின் பெருகின. அக்கதைகளுள் எத்தனை மெய்யாயினும், அவை படங்களை மறைக்கும் திரையாகிவிட்டன என்பதில் ஐயமில்லை. குடிகாரர் ஒருவர் தற்செயலாக எடுத்த படங்களாக அவை பேசப்படுகின்றன. ஊர்தோறும் திரையிடல் ஏற்பாடு செய்து, சிறுதொகைகளுக்குக் கணக்கு வைத்து, அவற்றைக் கொண்டு கேரளத்தின் வடபகுதியிலிருந்து கொச்சிவரை படப்பிடிப்பு நடத்துதல் தற்செயலாக நிகழக்கூடியதன்று.

தமிழைப் பொறுத்தவரை கிடைப்பவை இரண்டு: வெங்கட் சாமிநாதனின் அச்சிட்ட திரைக்கதை, ஜான் எடுத்த படம். எழுத்தில் உள்ளதும் திரையில் உள்ளதும் ஒன்றல்ல. எழுத்தாளரின் அங்கதம் எங்கு முடிகிறது, இயக்குநரின் சினம் எங்குத் தொடங்குகிறது என்பதை இரண்டையும் அருகருகே வைத்துக் காட்சி காட்சியாக ஒப்பிட்டே காண இயலும். கழுதையின் கொலைக்குப் பிந்தைய பகுதியும் இறுதி நெருப்புக் காட்சியும் அவ்வொப்பீட்டிற்கு முதலில் எடுத்துக்கொள்ள வேண்டியவை.